நாற்பதாவது விநாடி

பேத்தி அழுகையை நிறுத்தினாள்.

ஒன்பது நாளாக அவள் அழுத அழுகையில் எதிர்வீட்டுக்காரர் ஊரையே காலி செய்துகொண்டு போய்விட்டார். சரி, ஊரை இல்லை. ஒரு வாரத்துக்கு மகன் வீட்டுக்குப் போனார். ஆனால் பெட்டி இரண்டு எடுத்துப் போனதை நான் பார்த்தேன்.

அப்படிப்பட்டவள், தொலைபேசியில் காத்திருப்பு இசை தொடங்கியதும் திறந்த வாயோடு அப்படியே அடங்கிப்போனாள்.

நான் அழைத்திருந்தது வீட்டுத் தொலைபேசியையும் இணையத்தையும் ரத்து செய்ய. இரண்டுக்கும் ஒரே கம்பி, ஒரே ஒப்பந்தம். வீட்டில் ஆளுக்கொரு கைபேசி வந்தபின் அந்தக் கம்பிக்கு வேலையில்லை. ரத்து செய்வதற்கான அழைப்பு அதிலிருந்து பேசினால் இலவசம் என்பதால் அதிலேயே அழைத்தேன்.

மாலை ஐந்து மணிக்குள் சொல்லிவிட வேண்டும். ஐந்தைத் தாண்டினால் ஒப்பந்தம் தானாகவே இன்னொரு வருஷத்துக்குப் புதுப்பித்துக்கொள்ளும். அப்புறம் விலகினால் அபராதம். அதன் பதினாறு பக்கத்தையும் பூதக்கண்ணாடி வைத்துப் படித்த ஜீவன் இந்தப் பூமியில் நான் ஒருவன்தான்.

நீங்கள் இருபத்துமூன்றாவது இடத்தில் இருக்கிறீர்கள் என்றது பதிவுக் குரல். மறுபடி இசை.

ஸ்பீக்கரைப் போட்டேன். அடுக்களை வாசலில் நின்ற என் மனைவி என்னைப் பார்த்து ஒரு மாதிரி சிரித்தாள். நான் கவனிக்காத மாதிரி சுவரைப் பார்த்தேன்.

நாற்பது விநாடிக்கு ஒரு முறை அந்த இசை, இருட்டில் படி தவறியவன் போலத் தடுக்கி, முதலிலிருந்து தொடங்கும். பேத்திக்கு அதுவே தாலாட்டு. பதினெட்டாவது இடத்தில் அவள் இமை சொருகியது. பதினைந்தில் என் தோளில் எச்சில் ஒழுகியது. பன்னிரண்டில், ஒன்பது நாளாகப் பொட்டுத் தூக்கம் காணாத என் மகள், தலை சீவிக்கொண்டிருந்த சீப்பு கையிலேயே இருக்க, சோபாவில் சாய்ந்து குறட்டை விட்டாள்.

அப்புறம் வீடே மிதக்க ஆரம்பித்தது.

திரைச்சீலை மெல்ல மூச்சு இழுத்து விட்டது. மின்விசிறி ஒவ்வொரு சுற்றையும் யோசித்து யோசித்துச் சுற்றியது. சுவர்க் கடிகாரத்தின் முள் ஒரு விநாடி கண்ணயர்ந்துவிட்டு, திடுக்கிட்டு இரண்டாகத் தாவியது. குழாயில் சொட்டவிருந்த நீர்த்துளிகூட பாதியில் தொங்கிக்கொண்டு கேட்டது. சத்தியமாக.

எனக்கு முன்னால் இருப்பவர்கள் வாய் வலிக்கப் பேசட்டும் என்று வேண்டிக்கொண்டேன். அதே மூச்சில் மணியையும் பார்த்தேன். இசை நீண்டால் வீடு தூங்கும். ரொம்ப நீண்டால் நான் ஒரு வருஷம் மாட்டிக்கொள்வேன்.

நான்கு ஐம்பதுக்கு ஒரு பெண், வெண்கலக் குரலில், “வணக்கம் சார்!” என்றாள்.

பேத்தியின் ஒரு புருவம் எழுந்தது.

“மெதுவாம்மா, மெதுவா. ஒம்பது நாள் கழிச்சு இப்பதான் குழந்தை தூங்குது.”

அவ்வளவுதான், அவளும் கிசுகிசுக்கத் தொடங்கினாள். பக்கத்து இருக்கைக்காரர்கள் என்ன நினைத்தார்களோ! இரட்டை வேகம் தருகிறேன் என்று கிசுகிசுத்தாள். வேண்டாம் என்று கிசுகிசுத்தேன். மூன்று மாதம் இலவசம் என்றாள். அதை வாங்கினால் ஒரு வருஷம் விலக முடியாது, ஒன்பதாம் பக்கம், மூன்றாம் பத்தி என்றேன். பெருமூச்சு விட்டாள். மோடத்தை அதன் அட்டைப்பெட்டியிலேயே, ஒயரோடு, அந்த ஒயரைச் சுற்றியிருந்த குட்டிக் கம்பியோடு, திருப்பிக் கொடுக்கத் தயாராக வைத்திருப்பதைச் சொன்னேன். பாக்கி ஏதும் இல்லை என்று என் கைபேசிக்குச் செய்தி வந்தபிறகே நம்பினேன்.

“கேன்சல் அழுத்தினதும் இந்த லைன் கட்டாயிடும் சார். அழுத்தட்டுமா?”

மணி நான்கு ஐம்பத்தேழு. தோளில் பேத்தி, சோபாவில் மகள்.

“அம்பத்தொம்பதுக்கு அழுத்தும்மா. அதுவரைக்கும் அந்த மியூசிக்கைக் கொஞ்சம் போட்டுவிடேன்.”

“இதையா சார்? இதைத் திட்டாத ஆளே இல்ல. நாளையிலேருந்து தூக்கறாங்க.”

சிரித்துக்கொண்டே போட்டாள்.

தூக்குகிறார்களாம். திடீரென்று தோளில் பாரம் கூடிவிட்டது போலிருந்தது. பேத்தி நல்ல எடை.

நாற்பது விநாடி. மறுபடி நாற்பது. மூன்றாவது சுற்றில், அது தடுக்கும் இடத்துக்குச் சற்று முன்னால், இணைப்பு அறுந்தது.

மகளின் குறட்டை நின்றது. பேத்தி ஒரு கண்ணைத் திறந்தாள். உதடு பிதுங்கியது.

விட்ட இடத்தை நான் பிடித்துக்கொண்டேன். மூடிய வாய்க்குள்ளேயே, ம்ம்... ம்ம்ம்... என்று இழுத்தேன். நாற்பதாவது விநாடி வந்தது.

நான் முதலுக்குத் திரும்பவில்லை. மேலே போனேன்.

மீதி எனக்குத் தெரியும். இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால், அதே தொலைபேசி அலுவலகத்தின் சாமான் அறையில், இரவல் கீபோர்டில் இந்த இசையை மூன்று நிமிஷமும் வாசித்த ஊழியன் நான்தான். நாற்பது விநாடி போதும் என்று வெட்டிவிட்டார் மேலாளர். மிச்சத்தை நான் யாருக்கும் வாசித்துக் காட்டியதில்லை.

பேத்தி கண்ணை மூடினாள். சோபாவில் குறட்டை மறுபடி கிளம்பியது.

மனைவி கையைத் துடைத்துக்கொண்டு வந்து, சத்தமில்லாமல் என் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

“ஏங்க, இதுக்கு மீதியும் இருந்துச்சா?”

தலையை மட்டும் ஆட்டினேன். வாய் வேலையாக இருந்தது.