ஏழாவது டேக்

மூக்கில் பஞ்சு, நெற்றியில் ஒற்றை ரூபாய், தாடையைச் சேர்த்து வாய்க்கட்டு. அப்படியே ஆறு டேக் படுத்திருந்தேன்.

ஒன்று: அழ வந்த அம்சா அக்கா சிரித்தார். இரண்டு: ஊதுபத்திப் புகையில் கேமராக்காரர் இருமினார். மூன்று: தெருவில் பால் வண்டி ஹாரன். நான்கு, ஐந்து, ஆறு: மறுபடியும் அம்சா அக்கா.

சாயங்கால டேலி கணக்கு வகுப்பு நோட்டின் பின்பக்கங்களில் இதையெல்லாம் தேதி போட்டு எழுதி வைப்பேன். பதினொரு குறும்படம், அதில் ஏழில் பிணம். என்னால் ஒரு டேக்கும் கெட்டதில்லை. அசையாமல் கிடப்பதற்குப் பெயர் நடிப்பா என்று மட்டும் யாரும் கேட்டுவிடக் கூடாது.

இந்தப் படத்தில் காமெடியே ஒன்றுதான். எல்லோரும் விழுந்து அழும்போது பிணம் தும்ம வேண்டும். ஆனால் அழ வருகிறவர்கள் என் முகத்தைப் பார்த்ததுமே சிரித்துவிடுகிறார்கள். நான் இன்னும் ஒன்றுமே செய்யவில்லை.

"யக்கா, பொணத்தப் பாக்காத. செவுத்துல போஸ்டரப் பாத்துக்கினு அழு!" டைரக்டர் சீனுவாசன் கத்தினார்.

அந்தப் போஸ்டர் வேறு. கண்ணீர் அஞ்சலி என்று என் படம், என் சொந்தப் பெயர், என் வாடகை வீட்டு விலாசம். ஷூட்டிங்கும் அந்த வீட்டு வாசலில்தான். நேற்று ஒரு ஷாட்டுக்காகத் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் நான்கு இடத்தில் ஒட்டினார்கள். முடிந்ததும் கிழித்துவிடச் சொன்னேன்.

"நாளைக்குக் கிழிச்சிக்கலாம் தமிழு" என்றார் சீனுவாசன்.

ஏழாவது டேக். வகுப்புக்கு அரை மணி நேரம்தான் இருந்தது.

செல்போனில் சாவு மேளம் ஆரம்பித்தது. யாரோ ஓடிவந்து என் காலடியில் விழுந்தார். ஆண் அழுகை. சத்தம்கூட வரவில்லை, வெறும் காற்று.

யாரும் சிரிக்கவில்லை.

"யாருப்பா இந்தாளு, செமையா பண்றாரு... கட் பண்ணாத" என்று சீனுவாசன் கிசுகிசுப்பது கேட்டது.

எனக்கு எரிச்சல்தான் வந்தது. அந்த ஆள் தலைமாட்டுக்கு நகர்ந்து, என் மூக்குப் பஞ்சைப் பிடுங்கிக்கொண்டிருந்தார். இந்த டேக்கும் போச்சு.

"பஞ்ச எடுங்கடா... சின்ன வயசுலேர்ந்து வீசிங்குடா அவனுக்கு. மூச்சு முட்டும்டா..."

எனக்கு வீசிங் என்று இந்தக் கூட்டத்தில் யாருக்கும் தெரியாது.

விரல்களில் கடலை மண்டிச் சாக்குத் தூசியும் மல்லாட்டைத் தோலும் மணத்தன.

இரண்டு வருடம் முன்பு, வானூர் வீட்டில், என் முதல் குறும்படத்தைப் போனில் பார்த்துவிட்டு அவர் சொன்னது இது: "நீ செத்தாகூட உன் வாசல்ல கால் வைக்க மாட்டேன்."

"இப்ப தும்மு" என்றார் சீனுவாசன்.

ஏழு: பிணம் 'அப்பா' என்றது.