ஒரு நிமிடச் சிலை

நவீன நடனமும் சிற்பமும் கலந்த அந்தக் குறும்படத்தின் இறுதிக் காட்சியில், சுகிர்தா ஆடி ஓய்ந்து, பன்னிரண்டு களிமண் சிலைகளின் நடுவே தானும் ஒரு சிலையாக ஒரு நிமிடம் நிற்க வேண்டும். ஆடிய வரையில் எவருக்கும் எதுவும் தெரியவில்லை. நின்றதும் வலக்கை நடுங்கத் தொடங்கியது.

“கை மட்டும் இன்னும் ஆடிட்டே இருக்கு மேடம். சிலை எங்கயாவது ஆடுமா?” என்று நான்காம் முறையும் சிரித்தபடியே கேட்டார் இயக்குநர்.

சிற்பி ஏகாம்பரம் அவள் விரல்களிலிருந்து மணிக்கட்டு வரை ஈரக் களிமண்ணைக் கனமாக அப்பினார். “காயற வரைக்கும் அசைக்காதீங்கம்மா.”

“நான் அசைக்கலீங்க,” என்றாள், அவருக்கு மட்டும் கேட்கும்படி. “ஆறு மாசமா இப்படித்தான். தெரிஞ்சா இனிமே யாரும் ஆடக் கூப்பிட மாட்டாங்க.”

மணிக்கட்டில் மண் அதற்குள் கீறல் விட்டிருந்தது. முடிக்காத சிலை வெடித்துவிடாமல் மூடி வைப்பதுபோல், ஈரத்துணியால் அந்தக் கையைச் சுற்றினார் ஏகாம்பரம்.

“மண்ணு சரியில்ல தம்பி, வேற குழைக்கணும்,” என்று கேமரா பக்கம் குரல் கொடுத்தார்.

“எவ்வளவு நேரமாகும்?” என்றார் இயக்குநர்.

ஏகாம்பரம் புது மண்ணைக் குழைக்க உட்கார்ந்தார். துணி சுற்றிய கையோடு சுகிர்தா மீண்டும் ஆடத் தொடங்கியிருந்தாள். ஆடும்போது மட்டும்தான் அந்தக் கை அவள் சொன்னதைக் கேட்டது.