ஆற்றங்கரையில் நின்றவன்

பழைய பல்துலக்கியால் கம்ப்யூட்டர் விசிறியின் இதழ்களைத் துடைத்தாள் சுகிர்தா.

தூசி கருப்புப் பஞ்சாக உருண்டு வந்தது. இத்தனை அழுக்கை அடைத்துக்கொண்டால் எந்தக் கம்ப்யூட்டர்தான் மூச்சு விடும் என்று நினைத்தாள். நல்லவேளை, வாய்விட்டுச் சொல்லவில்லை. அந்த வீட்டில் மூச்சு என்ற சொல்லை யாரும் சும்மா எடுப்பதில்லை.

தம்பி ஆஜின் சக்கர நாற்காலியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தான்.

ஆஜினுக்குத் தசை தேயும் நோய். ஐந்தாம் வகுப்போடு நடை நின்றது. ஒருநாள் மூச்சையும் தொடும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அதற்குப் பிறகு அவன் ஓடியதெல்லாம் திரைக்குள்தான்.

இப்போது ஒரு கேமில் இடையனாக ஓடிக்கொண்டிருக்கிறான். மலைநாட்டில் சிதறிப்போன மந்தையைத் தேடி அலைபவன். ஆடுகள் ஒவ்வொன்றாகக் கிடைத்துக்கொண்டிருந்தன. அப்போதுதான் கேம் அடிக்கடி நிற்க ஆரம்பித்தது.

சுகிர்தாவுக்குத் திருவனந்தபுரத்தில் வேலை. நாகர்கோவிலில் ரயிலைவிட்டு இறங்கும்போதே அவன் போன் வந்தது. கேம் ஹேங் ஆகிறது, வந்ததும் அதைக் கொஞ்சம் பார் என்றான். எதையும் கேட்கிற பிள்ளை இல்லை அவன். குளிக்கக்கூடப் போகாமல் உட்கார்ந்தாள்.

அவள் கண்ணெதிரிலேயே கேம் உறைந்தது. மலை, மேகம், இடையன், எல்லாம் ஒரே நொடியில். ஒரு பறவை விரித்த சிறகோடு வானத்தில் நின்றது. ஸ்பீக்கரில் ஓர் ஓசை சிக்கிக்கொண்டு இழுத்தது.

சூடுதான் என்று நினைத்தாள். கேபினெட்டைக் கழற்றினாள். தூசி தட்டினாள். கடைக்கு ஓடிப்போய், சூட்டை இறக்கும் பேஸ்ட் வாங்கி வந்து பிராசஸரில் தடவினாள். கிராபிக்ஸ் டிரைவரை அப்டேட் செய்தாள். பிறகு தானே கொஞ்ச நேரம் தட்டித் தடவி ஆடிப் பார்த்தாள்.

கேம் ஒரு தடவைகூட நிற்கவில்லை.

கன்ட்ரோலரை அவன் மடியில் வைத்துவிட்டுச் சாப்பிடப் போனாள்.

அம்மா மீன்குழம்பை ஊற்றியபடி தணிந்த குரலில் விசாரித்தாள். அது ஒன்றுதான் அவனுக்கு இருக்கிறது, அதுவும் நின்றுபோனால் பிள்ளை உடைந்துபோவான் என்றாள். இரண்டு வாரமாகத் தனக்கும் தூக்கம் இல்லை என்றாள்.

அறையிலிருந்து குரல் வந்தது.

"எக்கா. திரும்பவும் நின்னுட்டு."

கையைக் கழுவிக்கொண்டு போனாள்.

இடையன் ஒரு ஆற்றங்கரையில் நின்றுகொண்டிருந்தான்.

ரீஸ்டார்ட் செய்யக் குனிந்தாள். பட்டனுக்குப் பக்கத்தில் போன விரல் அப்படியே நின்றது.

ஆறு ஓடிக்கொண்டிருந்தது.

கரையில் நாணல் காற்றுக்குச் சாய்ந்து நிமிர்ந்தது. அக்கரையில் ஒரு ஆடு தலையைத் தூக்கிப் பார்த்தது. மறுபடியும் மேயத் தொடங்கியது.

இடையன் மட்டும் அசையவில்லை.

மெல்லத் திரும்பினாள்.

தம்பியின் கட்டைவிரல் கன்ட்ரோலரின் குமிழ்மேல் கிடந்தது. அவன் முகம் இறுகியிருந்தது. கழுத்து நரம்பு புடைத்திருந்தது. நெற்றியில் வேர்வை.

அவன் தள்ளிக்கொண்டுதான் இருந்தான். குமிழ்தான் நகரவில்லை.

சுகிர்தா நிமிர்ந்து நின்றாள். மெஷினில் இன்னும் ஏதோ கோளாறு இருக்கிறது மக்கா, ஒரு பார்ட்டை மாற்ற வேண்டியிருக்கும் என்றாள். குரல் அவள் நினைத்த அளவுக்குச் சாதாரணமாக வரவில்லை.

ஆஜின் அவளைப் பார்க்கவில்லை. திரையையே பார்த்தான். நாணல் சாய்ந்து நிமிர்வதை வெகுநேரம் பார்த்தான்.

"இல்லக்கா. மெஷின் சரியாயிட்டு."

அவள் தரையில் உட்கார்ந்தாள். நாற்காலியின் சக்கரத்தில் தோளைச் சாய்த்துக்கொண்டாள்.

தெருவில் மீன்காரரின் ஹாரன் கேட்டுப் போனது.

கொஞ்ச நேரம் கழித்து, கன்ட்ரோலரை எடுத்துக்கொள்ளச் சொன்னான்.

"நீ ஓட்டு. நான் வழி சொல்லுகேன்."

அவன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்தாள். சில்லென்றிருந்தன.

அவளுக்குச் சரியாக ஓட்டத் தெரியவில்லை. இடையனை நேரே ஆற்றுக்குள் இறக்கிவிட்டாள். ஆஜின் கோபப்படவில்லை. கரையோடு போ, மேலே பாறை இருக்கிறது, அங்கே தாண்டு என்றான். தாண்டினாள். விழுந்தாள். மறுபடியும் தாண்டினாள்.

அக்கரையில் மேய்ந்த ஆட்டைப் பிடிக்கப் போனபோது தடுத்தான். அது நம்முடையது இல்லை. நம்முடையதற்குக் காதில் வெள்ளைப் புள்ளி இருக்கும். மேட்டுக்கு அந்தப் பக்கம்தான் தேட வேண்டும்.

அவன் குரலில் இப்போது இறுக்கம் இல்லை. அது அவளை இன்னும் கலங்கடித்தது.

பின்னால் காலடிச் சத்தம். அம்மா காப்பியோடு வந்து வாசற்படியில் நின்றாள். என்ன ஆச்சு, சரியாச்சா என்று கேட்டாள்.

சுகிர்தா திரும்பவில்லை. கன்ட்ரோலரை மடிக்குள் இன்னும் கொஞ்சம் இறக்கினாள். முதுகால் மறைத்துக்கொண்டாள்.

"சரியாயிட்டும்மா" என்றான் ஆஜின். "பாரு, எப்படி ஓடுகான்னு."

அம்மா பார்த்தாள். பார்த்துக்கொண்டே நின்றாள். காப்பி ஆறிக்கொண்டிருந்தது.

மேட்டின் உச்சியில் பாதை இரண்டாகப் பிரிந்தது.

அம்மா அங்கே நிற்கும்வரை அவனால் வழி சொல்ல முடியாது; சொன்னால் ஓட்டுவது யாரென்று தெரிந்துவிடும்.

எந்தப் பக்கம் என்று அவளுக்குத் தெரியவில்லை. இடையனை அவள் நிற்க மட்டும் விடவில்லை.