மூன்றாம் வளைவில் ஒரு மாலியே

கார்ப் பந்தய விளையாட்டில் மோசமாக ஓட்டினால் லோசலீனின் கம்ப்யூட்டர் எண்ணெய் போட்ட சக்கரம் போல ஓடியது. நன்றாக ஓட்டினால் மட்டும் திணறியது.

மூன்றாம் வளைவில், ஓட்டுகிறவர் பெயர் காட்டாத அந்தச் சிவப்பு வண்டியை முந்துவாள். மறுகணம் திரை விக்கும். விக்கல் தீர்ந்து படம் நகரும்போது அவள் வண்டி சுவரில் மூக்கை இடித்துக்கொண்டு நிற்கும். சிவப்பு வண்டி வாலைக் காட்டிவிட்டுப் போயிருக்கும்.

வாரம் முழுக்கப் பயிற்சியில் இதே கதை.

இன்று சனிக்கிழமை, தகுதிப் பந்தயம். சிவப்பை வென்றால் தோங்கா அணியில் இடம், வெளிநாட்டுப் போட்டிக்காகச் சூவாவுக்குப் பயணம். தோற்றால் அடுத்த வருடம்தான். நாளைக்கு ஒரு வாய்ப்புக் கொடுங்கள் என்றும் கேட்க முடியாது. ஞாயிற்றுக்கிழமை ஊரே அடங்கும் ஓய்வுநாள்; தலைநகர் நுக்குஅலோஃபாவில் அன்று சேவல்கூட யோசித்துத்தான் கூவும்.

அவள் பார்க்காத இடம் இல்லை. கம்ப்யூட்டர் பெட்டியைத் திறந்து, விசிறியில் படிந்திருந்த உப்புத் தூசியைத் தூரிகையால் தட்டினாள். படத்தின் தரத்தைக் குறைத்தாள். மரங்களெல்லாம் பச்சைக் கட்டிகளாயின. விக்கல் போகவில்லை.

"கடலடிக் கேபிள்தான்டி," என்றாள் பக்கத்து வீட்டு ஃபூசி, தேங்காய்ப்பாலில் வெந்த சேப்ப இலைப் பொட்டலத்தைப் பிரித்தபடி.

தோங்காவில் பால் திரிந்தாலும் பழி இன்டர்நெட் கொண்டுவரும் அந்தக் கடலடிக் கேபிளுக்குத்தான்.

கேபிள் கோளாறென்றால் மற்ற வண்டிகள்தான் அங்கும் இங்கும் துள்ளும். இங்கே திரையே உறைகிறது. அதுவும் முந்தும்போது மட்டும். "நான் முந்துறேன்னு கம்ப்யூட்டருக்கு யாருடி சொன்னது?" என்றாள் லோசலீன்.

"அதுக்கு உன்மேல பொறாமைடி."

"நீ சாப்பிட்டது போதும். இந்தக் கடைசிப் பயிற்சிச் சுத்துல நான் ரோட்டைப் பார்க்கிறேன். நீ ரோட்டைத் தவிர மத்த எல்லாத்தையும் பாரு."

மூன்றாம் வளைவு. முந்தினாள். விக்கியது. இடித்தாள்.

"உங்க அத்தை!" என்று கத்தினாள் ஃபூசி.

திரையின் மேல் மூலையில், தேவாலயத் தொப்பியோடு அத்தையின் படம் சறுக்கி வந்து, "மாலியே!" என்று சொல்லிவிட்டு மறைந்திருந்தது.

ஆக்லாந்திலிருந்து அத்தை அனுப்பும் மாலியேக்களைப் பந்தயம் முடிந்ததும் படித்துப் பூரிப்பது லோசலீனின் வழக்கம்தான். அவை வந்து இறங்கும் நேரத்தை மட்டும் அவள் யோசித்ததில்லை.

மாலியே என்றால் சபாஷ். ஆடுகிறவர் அழகாக ஆடும் அந்த நொடியிலேயே கூட்டம் "மாலியே!" என்று கூவ வேண்டும். ஆடி முடித்த பிறகு சொன்னால் அது பாராட்டு இல்லை, குசலம் விசாரிப்பு.

"அப்போ அத்தையை பிளாக் பண்ணிடு."

"உனக்குப் பைத்தியமா?"

அத்தை அப்பாவின் அக்கா. ஊருக்கு வந்தால் அவர் சாப்பிட உட்காராமல் இந்த வீட்டில் யாரும் தட்டைத் தொட்டதில்லை. அவருக்கு முன்னால் யாரும் நடந்ததும் இல்லை. அவரிடம் போய் வாயை மூடுங்கள் என்பதா?

லோசலீன் யோசித்தாள். குற்றம் அத்தையிடம் இல்லை. செய்தியிலும் இல்லை. அதைக் கொண்டுவந்து சாலைமேல் விரிக்கிறதே ஓவர்லே, அதில் இருக்கிறது.

ஓவர்லே என்பது விளையாட்டின் மேல் போர்த்திய கண்ணாடித்தாள் மாதிரி. சும்மா கிடக்கும்வரை அதற்குப் பெரிய கனமில்லை. செய்தி வந்துவிட்டால் அதன்மேல் படம், எழுத்து, சறுக்கல் எல்லாவற்றையும் வரைய வேண்டும். அவளுடைய பழைய கிராபிக்ஸ் அட்டை, பாவம், சாலை வரைவதைப் பாதியில் விட்டுவிட்டு அத்தையின் தொப்பியை வரையப் போகிறது. வளைவு அதற்காகக் காத்திருக்குமா?

அமைப்புகளுக்குள் போனாள். ஓவர்லேக்கு எதிரே நீலமாக இருந்த பொத்தானைத் தட்டினாள். சாம்பல் நிறமாயிற்று.

இனியும் செய்தி வரும். செய்திப் பெட்டியில் காத்திருக்கும். சாலைக்குக் குறுக்கே மட்டும் வராது.

"ஏன்டி," என்றாள் ஃபூசி விரலை நக்கிக்கொண்டே. "நெட்ல பந்தயம் பார்க்கிறவங்களுக்கு நேரலை சில நொடி பிந்தித்தானே வரும்? நீ முந்துற அதே நொடியில உங்க அத்தை எப்படிக் கூவுறாங்க?"

லோசலீன் வாயைத் திறப்பதற்குள் தகுதிப் பந்தயத்தின் பச்சை விளக்கு எரிந்துவிட்டது.

கடைசிச் சுற்றுவரை சிவப்பு முன்னால் ஓடியது. மூன்றாம் வளைவில் லோசலீன் உள்பக்கமாக நுழைந்தாள். முந்தினாள். மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

சாலை ஓடிக்கொண்டே இருந்தது.

கோட்டைத் தாண்டியபோது ஃபூசி போட்ட கூச்சலில் தெருப்பன்றிகள் சிதறி ஓடின. லோசலீன் செய்திப் பெட்டியைத் திறந்தாள். மூன்றாம் வளைவில் முந்திய அதே நொடியில் வந்த ஒரு மாலியே காத்திருந்தது. படித்து முடிப்பதற்குள் அத்தையின் போன் வந்தது.

"நல்லா முந்தினே புள்ள! அந்தச் சிவப்பு வண்டி நான்தான். ஸ்டியரிங்லயே மாலியேக்குன்னு ஒரு பட்டன் வச்சிருக்கேன்."

லோசலீன் மரியாதைக்காக நாற்காலியிலிருந்து இறங்கித் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"மன்னிச்சிருங்க அத்தை, நீங்கன்னு தெரியாம…"

"தெரிஞ்சிருந்தா முந்தியிருப்பியா? அதுக்குத்தானே பேரை மறைச்சேன்." அத்தை சிரித்தார். "ஒண்ணுதான் புரியல. வாரம் பூரா நான் கூவின உடனே போய்ச் சுவத்துல இடிச்சே. சரி, புகழ்ந்தா தலை கனத்துப்போற புள்ளன்னு நினைச்சேன். இன்னிக்கு எப்படித் தாங்கினே?"

"ஓவர்லேயை அணைச்சிட்டேன் அத்தை. உங்க மாலியேவை இப்பத்தான் படிச்சேன்."