அலமாரிக்குள் கேரம்

இறந்துபோன மூத்த மனைவியின் பழைய போனைக் கணவன் இளையவளுக்குக் கொடுத்தான். பிடித்த விளையாட்டை ஏற்றப் போனால் இடமில்லை என்றது. மூத்தவள் ஆடிய கேரம்தான் பாதி இடத்தை அடைத்திருந்தது. வயிற்றெரிச்சலோடு அதை அழித்துவிட்டுத் தன்னுடையதை ஏற்றினாள். துணி உலர்த்திவிட்டு வந்து பார்த்தால் கேரம் திரும்ப வந்திருந்தது, அவளுடையதைக் காணோம். எத்தனை தரம் அழித்தாலும் அதே கதை. கடைசியில் போனை அணைத்து அலமாரியில் போட்டுப் பூட்டினாள்.

கூடத்தில் கணவன் தன் போனைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான். அவளிடம் அவன் அப்படிச் சிரித்ததே இல்லை.

"கேரம்ல இன்னிக்கும் நீயே என்னை ஜெயிச்சிட்ட. அப்படியே அவள மாதிரி ஆடுற," என்றான் அவளை நிமிர்ந்து பார்த்து.

ஒரு ஆட்டம்கூட ஆடாதவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "அவளவிட நல்லாவே ஆடுவேன்," என்றாள்.

"அப்ப இன்னொரு ஆட்டம் போடு."

பூட்டிய அலமாரிக்குள் காய் ஒன்று குழியில் விழும் சத்தம் கேட்டது.