லிஃப்ட் கணக்கு

"உங்க கடிகாரம் மட்டும் வேற உலகத்துல ஓடுதாம்மா?" என்று கேட்டார் ஆசிரியை. வகுப்பே சிரித்தது.

கணக்குப் பிரிவில் வேலை பார்க்கும் அவள், மாலை வகுப்பில் சிமுலேஷன் படித்துக்கொண்டிருந்தாள். வெளியே நடப்பதைக் கணினிக்குள் நடத்திப் பார்க்கும் படிப்பு. தேறினால் திட்டப் பிரிவுக்கு மாறலாம். செய்முறைக்கு அவள் எடுத்துக்கொண்டது தன் அலுவலக லிஃப்ட்டை. காலையில் வருகிறவர்கள் அதற்காக எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டியிருக்கும் என்று அவள் கணினியில் எழுதும் மாடல் சொல்ல வேண்டும்.

அழகாகத்தான் சொன்னது. வரவேற்பில் இருக்கும் பெண் குறித்துக் கொடுத்த எல்லாருடைய காத்திருப்பு நேரமும் அதோடு ஒத்துப்போனது, இவளுடையதைத் தவிர. இவள் எப்போது வந்தாலும் லிஃப்ட் கீழே கதவைத் திறந்துகொண்டு நின்றது.

"காரணத்தோட வாங்க, பாஸ் போடறேன்" என்றுவிட்டார் ஆசிரியை.

இரண்டு நாள் கழித்து, உணவு இடைவேளையில், லேப்டாப்போடு ஆறாவது மாடிக்குப் போனாள். ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த வரைபடப் பிரிவுக்காரருக்கு அலுவலகத்தில் 'மௌனசாமி' என்று பெயர். புரோகிராம் எழுத அவளுக்கு முதலிலிருந்தே உதவுகிறவர் அவர்தான்.

"உங்க நேரத்தை மட்டும் கணக்குலேருந்து அழிச்சிடுங்க மேடம். தற்செயல்."

"தினமுமா சார்? ராணிக்குத் திறக்கிற மாதிரி திறந்து நிக்குது."

"உங்களுக்கு ராசி."

"ராசின்னு கம்ப்யூட்டருக்கு எப்படி சார் சொல்லிக்கொடுக்கிறது?"

அவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு திரையில் குனிந்தார். மறுபடி ஓட்டினார். அவளும் காத்திருக்கத்தான் வேண்டும் என்றது மாடல்.

"அப்ப லிஃப்ட்லதான் கோளாறு. மேனேஜர்கிட்ட சொல்லி மெக்கானிக்கை மாத்தச் சொல்லப்போறேன்."

அவர் எழுந்தே விட்டார். "ஐயையோ, பாவம் மேடம்! அவர் என்ன பண்ணினார்?"

"பின்ன லிஃப்ட்டைக் கீழ அனுப்பறது யாரு, பேயா?"

அவருடைய காது மடல் சிவந்தது. ஜன்னலுக்கு வெளியே கையைக் காட்டினார்.

"உங்க ஸ்கூட்டர் கேட்டுக்குள்ள வர்றது இங்கேருந்து தெரியும்" என்றார். "ஓடிப்போய் லிஃப்ட்டை அனுப்பிட்டு வந்து உட்கார்ந்துடுவேன். நீங்க நின்னு கால் கடுக்கக் கூடாதுன்னுதான்... தப்பா நினைக்காதீங்க. உங்க ஆசிரியைகிட்ட நானே வந்து சொல்லிடறேன்."

அவள் லேப்டாப்பை மெல்ல மூடினாள்.

"மெக்கானிக்கை யாரும் மாத்தப் போறதில்ல சார், உங்க வாயால கேட்கத்தான் அப்படிச் சொன்னேன்" என்றாள். "இன்னைக்குக் காலையில என் ஸ்கூட்டர்ல, என் ஹெல்மெட்டோட வந்தது என் தங்கச்சி; நான் இந்த மாடிப்படியில நின்னு நீங்க ஓடறதைப் பார்த்துக்கிட்டிருந்தேன்."