இறகுத் தொப்பி

கவர்னர் துரை கடந்துபோகும்வரை நாற்சந்தியில் ஈ, எறும்பு அசையக் கூடாது என்று உத்தரவு. புகையும் கொள்ளிச்சட்டியோடு மனைவி செங்கமலத்தின் பாடைக்கு முன்னால் நின்றிருந்தான் மாசிலாமணி. பொழுது சாய்வதற்குள் எரியூட்டியாக வேண்டும்.

"பொணத்துக்கு என்னய்யா அவசரம்? துரை போவட்டும்," என்றான் போலீஸ்காரன்.

குதிரைகள் வந்தன. பின்னால் வந்த சாரட்டு பாடைக்கு நேராக நின்றது. கவர்னர் எழுந்தார். வெள்ளை இறகுகள் சூடிய தொப்பியைக் கழற்றி மார்போடு வைத்துக்கொண்டார். வழுக்கைத் தலையில் வேர்வை மினுங்கியது. பாண்டு வாத்தியம் அடங்கிப்போனது. போலீஸ்காரன் விறைத்து நின்றான். அத்தனை பெரிய கூட்டத்தில் அந்த இறகுகள் மட்டும் காற்றில் நடுங்கின.

'போகலாம்' என்று துரை நின்றபடியே பாடைக்குக் கைகாட்டினார். கூட்டம் விலகி வழிவிட்டது.

செங்கமலம் எழுந்து நின்றே பழகியவள். மாமனார் செருமினாலும், மாசிலாமணி செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டாலும் பாதிச் சோற்றில் எழுந்துவிடுவாள். அவளுக்காக இதுவரை ஒருவரும் எழுந்ததில்லை.

"நடங்க மச்சான், பொழுது போவுது," என்றான் பாடைக்குத் தோள்கொடுத்திருந்த அவள் தம்பி.

மாசிலாமணி மேற்கே பார்த்தான். சூரியன் பனந்தலைக்கு இறங்கியிருந்தது.

"இருடா," என்றான். "துரை இன்னும் கொஞ்சம் நிக்கட்டும்."